டொமினிக் பினோன்: முகம் தெரியும், பெயர் தெரியாது என்பவர்களுக்கான கேள்வி பதில்

'அமேலி' படம் பார்த்தவர்களிடம், காபிக் கடையின் மூலையில் கையடக்க டேப் ரெக்கார்டருடன் உட்கார்ந்து எல்லோரையும் உளவு பார்ப்பாரே, அவர் யார் என்று கேட்டால் ஆளை உடனே நினைவுக்குக் கொண்டுவந்துவிடுவார்கள். பெயரைக் கேட்டால் தயங்குவார்கள். அவர் பெயர் டொமினிக் பினோன். பிரெஞ்சு சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் பெரும்பாலும் இரண்டாம், மூன்றாம் இடத்து வேடங்களில் நடித்தே ஒரு முழு வாழ்க்கையை அமைத்துக்கொண்டவர். அவரைப் பற்றிப் பேச்சு வரும்போது நண்பர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன்.

இவர் எந்த ஊர்க்காரர்? நடிப்புக்கு எப்படி வந்தார்?

1955 மார்ச் 4 அன்று சோமூர் நகரத்தில் பிறந்தார். லுவார் நதிக்கரையில், கோட்டைக்கும் ஒயினுக்கும் குதிரைப் பயிற்சிப் பள்ளிக்கும் பெயர் போன ஊர் அது. புவாத்தியே பல்கலைக்கழகத்தில் இலக்கியம் படித்தார். பிறகு பாரிஸ் வந்து கூர் சிமோன் நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். 1925 முதல் நடந்துவரும் தனியார் பள்ளி அது. அரசு நடத்தும் தேசிய நாடகக் கல்லூரிக்குள் நுழைவதென்றால் கடுமையான போட்டித் தேர்வைத் தாண்ட வேண்டும். அதனால் இத்தகைய தனியார் பள்ளிகள் வழியாக வந்த நடிகர்கள் பிரான்ஸில் ஏராளம்.

இலக்கியம் படித்தவர் என்பது சின்ன விஷயம் போலத் தோன்றும். பின்னாளில் நாடக மேடையில் பக்கம் பக்கமாக நீளும் கடினமான வசனங்களை அவர் கையாளும் லாவகத்தைப் பார்த்தால் அந்தப் படிப்பு வீண்போகவில்லை என்று புரியும்.

முதலில் கவனம் பெற்றது எந்தப் படத்தில்?

1981இல் வந்த 'டீவா'. ழான்-ழாக் பெனெக்ஸின் முதல் படம். ஓர் ஓபரா பாடகியின் குரலைத் திருட்டுத்தனமாகப் பதிவு செய்யும் இளம் தபால்காரன் ஒருவன். அவன் பையில் அவனுக்கே தெரியாமல் இன்னொரு கேசட்டும் வந்து விழுகிறது. அதைத் தேடி இரண்டு அடியாட்கள் அலைகிறார்கள். அதில் ஒருவர் பினோன். குட்டையான உருவம், கறுப்புக் கண்ணாடி, எந்நேரமும் காதில் செருகிய இயர்போன். படத்தில் அவருக்குச் சரியான பெயர்கூடக் கிடையாது, 'பாதிரியார்' என்ற பட்டப்பெயர் மட்டும்தான். எதைக் கேட்டாலும் "எனக்குப் பிடிக்காது" என்பதே பதில். கார் பிடிக்காது, லிஃப்ட் பிடிக்காது, பேத்தோவன் பிடிக்காது. வசனம் இவ்வளவுதான். ஆனால் அவர் திரையில் நிற்கும்போது பார்வை வேறெங்கும் போகாது.

பிரான்ஸில் வெளியான புதிதில் 'டீவா'வுக்குப் பெரிய வரவேற்பு இல்லை. மெல்ல மெல்லப் பேச்சு பரவி, அமெரிக்காவிலும் நன்றாக ஓடி, பிரெஞ்சு சினிமாவின் உயரிய விருதான சீசர் விருதுகள் நான்கை 1982இல் வாங்கிய பிறகுதான் அதன் புகழ் நிலைத்தது. படத்தோடு சேர்ந்து பினோனின் முகமும் உலகம் சுற்றியது.

இவ்வளவு கவனம் கிடைத்த பிறகும் ஏன் கதாநாயகன் ஆகவில்லை?

என்னிடம் அதிகம் கேட்கப்படும் கேள்வி இதுதான். கதாநாயகன் ஆவதுதான் எல்லா நடிகருக்கும் இலக்கு, ஆகாதவர் பாதியில் நின்றவர் என்ற எண்ணம் இதற்குள் இருக்கிறது. அந்த எண்ணம் பினோனுக்குப் பொருந்தாது.

அவர் முகத்தைக் கவனியுங்கள். அகன்ற வாய், சற்றே நசுங்கிய மூக்கு, ரப்பர் போல எப்படியும் இழுபடும் கன்னங்கள். இந்த முகம் ஒரு நொடியில் பயமுறுத்தும், அடுத்த நொடியில் குழந்தையாகிவிடும். ஒரு சராசரிக் காதல் படத்தின் நாயகனுக்கு இத்தனை வீச்சு தேவைப்படாது. ஓரத்தில் நின்று படத்தையே சாய்த்துவிடும் வேடங்களுக்குத்தான் தேவை. 'டீவா'வுக்குப் பிறகு வந்த வாய்ப்புகளைப் பாருங்கள். 1982இல் ஜெரார் தெபார்தியூ நடித்த 'மார்த்தேன் கேர்' படத்தில் கிராமத்து மனிதர்களில் ஒருவர். பெனெக்ஸின் அடுத்தடுத்த படங்களில் சின்னச் சின்ன வேடங்கள். 1988இல் ரோமன் போலன்ஸ்கி பாரிஸில் எடுத்த 'ஃப்ரான்டிக்'கில் ஒரு குடிகாரர். எல்லாமே சில நிமிடங்கள்தான். ஆனால் வேலை தொடர்ந்து வந்துகொண்டே இருந்தது, ஒவ்வொரு இயக்குநரும் அந்தச் சில நிமிடத்துக்கு அவரைத்தான் தேடிப் போனார்கள்.

'அமேலி' இயக்குநர் ழான்-பியர் ழுனேயோடு கூட்டணி எப்படி அமைந்தது?

1989இல் ழுனே 'ஃபுத்தேஸ்' என்றொரு குறும்படம் எடுத்தார். எட்டு நிமிடம்தான். பினோன் கேமராவைப் பார்த்துத் தனக்கு என்னென்ன பிடிக்கும், என்னென்ன பிடிக்காது என்று சொல்லிக்கொண்டே போகிறார். இடையிடையே அந்தப் பொருட்களும் நினைவுகளும் வந்து போகின்றன. கதை என்று ஒன்றும் இல்லை. ஒரு மனிதனின் முகமும் குரலும் மட்டுமே எட்டு நிமிடத்தையும் தாங்குகின்றன. அந்தப் படம் 1991இல் சிறந்த குறும்படத்துக்கான சீசர் விருதைப் பெற்றது. 'அமேலி'யின் தொடக்கத்தில் ஒவ்வொரு பாத்திரத்துக்கும் பிடித்தது, பிடிக்காதது என்று பட்டியல் வருமே, அந்த உத்தியை ழுனே முதலில் முயன்று பார்த்தது இங்கே, பினோனை வைத்து.

அதே 1991இல் வந்தது 'டெலிகடெஸன்'. ழுனேயும் மார்க் கரோவும் சேர்ந்து இயக்கியது. இதில் பினோன் ஓர அடியாள் இல்லை, படத்தின் நடுநாயகமே அவர்தான். உணவுப் பஞ்சம் வந்த ஏதோ ஒரு காலம். இடிந்த நகரத்தில் தனியாக நிற்கும் ஒரு பழைய அடுக்குமாடி வீடு. கீழே இறைச்சிக்கடை. கடைக்காரர் எடுபிடி வேலைக்கு ஆள் வைப்பார், கொஞ்ச நாளில் அந்த ஆளையே வெட்டி மேலே குடியிருப்பவர்களுக்கு விற்றுவிடுவார். அப்படி ஒரு வேலைக்கு விளம்பரத்தைப் பார்த்து வந்து சேர்கிறார் லூயிசோன் என்ற முன்னாள் சர்க்கஸ் கோமாளி. கூடவே தொழில் செய்த லிவிங்ஸ்டன் என்ற குரங்கைப் பறிகொடுத்த சோகம் அவருக்கு. கோமாளி ஷூவைத் தவிர வேறு சொத்து இல்லை.

இந்தப் படத்தில் ஒரு காட்சியை நடிப்புப் பயிற்சி வகுப்புகளில் வைத்துப் பாடமே நடத்தலாம். இறைச்சிக்கடைக்காரர் தன் காதலியோடு கட்டிலில் இருக்கிறார். கட்டில் ஸ்பிரிங் கிறீச் கிறீச் என்கிறது. அந்தச் சத்தத்தின் தாளம் குழாய் வழியாக வீடு முழுக்கப் பரவுகிறது. மேல் தளத்தில் பினோன் விட்டத்துக்கு வண்ணம் அடித்துக்கொண்டிருக்கிறார். கால்சட்டையின் எலாஸ்டிக் பட்டைகளை மாட்டிவிட்டு அதன் இழுவையில் மேலும் கீழும் எம்பி எம்பி ரோலரை ஓட்டுகிறார். ஒரு பெண் செல்லோ வாசிக்கிறாள், இன்னொருத்தி கம்பளத்தை அடிக்கிறாள். எல்லோருமே தங்களை அறியாமல் அந்த ஸ்பிரிங்கின் தாளத்துக்கு மாறிவிடுகிறார்கள். வேகம் கூடிக்கொண்டே போய் உச்சத்தில் பினோனின் பட்டை அறுந்து கீழே விழுகிறார்.

சரி, சிரித்தாகிவிட்டது. பிறகு இன்னொரு காட்சியில் அதே கட்டிலைப் பழுது பார்க்கச் சொல்லி பினோனையே கூப்பிடுகிறார்கள். அவரும் கடைக்காரரின் காதலியாக நடிக்கும் கரேன் வியாரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து, தொலைக்காட்சியில் ஓடும் ஹவாய் இசைக்கு ஏற்ப மெத்தையில் குதித்து எந்த ஸ்பிரிங் சத்தம் போடுகிறது என்று தேடுகிறார்கள். இடப்பக்கம் கொஞ்சம் நகர்கிறார்கள், வலப்பக்கம் நகர்கிறார்கள். இரண்டு பேர் முகத்திலும் துளிகூடச் சிரிப்பு இல்லை. ஒரு மெக்கானிக் என்ஜின் சத்தத்தைக் கேட்பதுபோல அவ்வளவு கவனம். அந்தக் கவனம்தான் நம்மைச் சிரிக்க வைக்கிறது. பினோனின் முழுத் திறமையும் எனக்கு அந்த ஒரு நிமிடத்தில் தெரிகிறது. எவ்வளவு அபத்தமான வேலையைக் கொடுத்தாலும் அதை உலகத்தின் மிக முக்கியமான வேலையாக நம்பிச் செய்வார்.

'டெலிகடெஸன்' 1992இல் நான்கு சீசர் விருதுகள் பெற்றது. அன்றிலிருந்து 2022இல் வந்த 'பிக்பக்' வரை ழுனேயின் முழுநீளப் படங்கள் எட்டிலும் பினோன் இருக்கிறார். சிலவற்றில் பெரிய வேடம், சிலவற்றில் எட்டிப் பார்த்துவிட்டுப் போகும் வேடம். ஆனால் அவர் இல்லாமல் ழுனே ஒரு படமும் எடுத்ததில்லை. ஒரு குணச்சித்திர நடிகருக்கு இதைவிடப் பெரிய பாதுகாப்பு வேறு எதுவும் கிடையாது என்பது என் எண்ணம். நாயகர்களைப் பட வியாபாரம் முடிவு செய்யும். பினோனைப் போன்றவர்களை இயக்குநரின் நம்பிக்கைதான் முடிவு செய்யும்.

ஒரே படத்தில் ஏழு வேடம் போட்டாராமே?

ஆமாம், 1995இல் வந்த 'சிட்டி ஆஃப் லாஸ்ட் சில்ட்ரன்'. அந்த ஆண்டு கான் திரைப்பட விழாவின் தொடக்கப் படமும் அதுதான். கடல் நடுவே இருக்கும் ஒரு கோபுரத்தில் ஆறு குளோன்கள், அவர்களின் மூல உருவமான முக்குளிப்பவர் என எல்லாமே பினோன். ஆறு பேருக்கும் எந்த நேரத்திலும் தூக்கம் வந்து விழுகிற வியாதி. நம்மில் யார் அசல் என்று ஓயாமல் சண்டை வேறு.

டிஜிட்டல் தந்திரக் காட்சிகள் பிரான்ஸில் அப்போதுதான் வளர்ந்துகொண்டிருந்தன. ஒரே சட்டகத்தில் பல பினோன்கள் தெரிய வேண்டுமென்றால், அதே காட்சியை ஒவ்வொரு இடத்திலும் நின்று தனித்தனியாக நடித்து, அப்புறம் ஒன்றாக ஒட்ட வேண்டும். எதிரில் ஆள் இல்லாமல், தான் பிறகு நடிக்கப்போகும் பதிலுக்கு இப்போதே முகம் காட்ட வேண்டும். ஆறு பேரும் ஒரே மாதிரி உடுத்தி ஒரே மாதிரி பேசினாலும் சண்டை உண்மையான சண்டையாகவே தெரிகிறது.

ஹாலிவுட் போன கதை என்ன?

1997இல் 'ஏலியன் ரிசரக்‌ஷன்' படத்தை இயக்க ழுனேயை அழைத்தார்கள். அவர் பிரான்ஸிலிருந்து தன் ஆட்கள் சிலரையும் கூட்டிப்போனார். ஒளிப்பதிவுக்கு தரியுஸ் கோன்ஜி, தந்திரக் காட்சிகளுக்கு பிதோஃப், நடிக்க பினோன்.

பினோனுக்கு வ்ரீஸ் என்ற மெக்கானிக் வேடம். கால் இரண்டும் செயலிழந்தவர், சக்கர நாற்காலியில் இருப்பவர். அந்த நாற்காலியின் குழாய்களுக்குள் துப்பாக்கியின் பாகங்களை ஒளித்துவைத்து, சோதனையைத் தாண்டிய பிறகு எடுத்துப் பொருத்துகிறார். கப்பல் அழியும்போது நாற்காலியை விட்டுவிட்டுக் கூட்டாளி கிறிஸ்டியின் முதுகில் கட்டிக்கொண்டு தண்ணீருக்குள் நீந்தி, ஏணியில் ஏறித் தப்பிக்க வேண்டியிருக்கிறது. கீழே ஏலியன் பிடித்து இழுக்கிறது. இருவரில் ஒருவர்தான் பிழைக்க முடியும் என்றதும் கிறிஸ்டி பட்டையை அறுத்துக்கொண்டு விழுந்துவிடுகிறான். ஏணியைக் கையால் மட்டும் பிடித்துத் தொங்கும் பினோனின் முகத்தைப் பாருங்கள். உயிர் பிழைத்த நிம்மதி அந்த முகத்தில் இல்லவே இல்லை.

இத்தகைய படங்களில் இப்படியொரு பாத்திரம் பாதியிலேயே செத்துப்போவது வழக்கம். வ்ரீஸ் கடைசிவரை பிழைக்கும் நால்வரில் ஒருவர். ஆனால் பினோன் அங்கேயே தங்கி ஹாலிவுட்டில் இடம் தேடவில்லை. பாரிஸ் நாடக மேடைக்கும் பிரெஞ்சுப் படங்களுக்கும் திரும்பிவிட்டார்.

'அமேலி'யில் அவருக்கு வேலை குறைவுதானே?

நேரம் குறைவு. வேலை குறைவில்லை.

பாரிஸின் மோன்மார்த்ர் பகுதியில் லெபிக் தெருவில் உண்மையாகவே இருக்கும் காபிக் கடை அது. படத்தில் பினோன் நடிக்கும் ஜோசப் தினமும் அங்கே வந்து உட்கார்கிறார். தன்னை விட்டுப் பிரிந்த ஜீனா அங்கே பரிமாறுபவள். அவள் சிரித்தாலும் யாரோடு பேசினாலும் நேரத்தைச் சொல்லி டேப்பில் பதிவு செய்கிறார். அவருக்குப் பிடித்த ஒரே விஷயம் பொட்டலம் கட்டும் பிளாஸ்டிக் தாளின் குமிழ்களை விரலால் உடைப்பது என்று கதைசொல்லி நமக்கு அறிமுகப்படுத்துகிறார். பிறகு அமேலி தந்திரம் செய்து அவரையும் சிகரெட் கடையில் இருக்கும் ஜார்ஜெட்டையும் சேர்த்துவைக்கிறாள். கொஞ்ச நாள் மகிழ்ச்சி. அதன்பின் ஜார்ஜெட்டின் மீதும் அதே சந்தேகம், அதே டேப்.

அமேலி செய்யும் உதவிகளில் முழுதாகப் பலிக்காதது இது ஒன்றுதான் என்று சொல்லலாம். படம் முழுக்க இனிப்பாக இருக்கும்போது ஜோசப் வழியாகத்தான் ஒரு கசப்பு உள்ளே வருகிறது. பொறாமை பிடித்த மனிதனை மாற்ற முடியாது என்பதைப் பினோன் வசனம் இல்லாமல், ஓரக்கண்ணால் பார்ப்பதிலேயே சொல்லிவிடுகிறார். இந்த ஒரு வேடத்தை எடுத்துவிட்டால் படம் திகட்டிவிடும்.

படம் இல்லாத மாதங்களில் பிரான்ஸில் இத்தகைய நடிகர்கள் எப்படிச் சமாளிக்கிறார்கள்?

இதைப் பினோனின் சொந்தக் கணக்கு என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். அந்த நாட்டில் நடிகர்கள் எல்லோருக்கும் பொதுவான ஏற்பாடு இது.

கலைத்துறையில் இடைவெளி விட்டு விட்டு வேலை செய்பவர்களுக்கென்று வேலையின்மைக் காப்பீட்டில் தனிப் பிரிவே இருக்கிறது. 1936இல் சினிமாத் தொழிலாளர்களுக்காகத் தொடங்கி, 1960களில் நடிகர்களுக்கும் விரிந்தது. பன்னிரண்டு மாதத்துக்குள் 507 மணி நேரம் வேலை செய்ததற்குச் சம்பளச் சீட்டு காட்டினால், வேலை இல்லாத நாட்களுக்கு உதவித்தொகை கிடைக்கும். நடிகருக்கு மணிக்கணக்கு பார்ப்பது கஷ்டம் அல்லவா? அதனால் ஒரு நாள் நடிப்புக்கோ ஒரு மேடை நிகழ்ச்சிக்கோ பேசிய சம்பளத்தை 12 மணி நேரமாகக் கணக்கிடுவார்கள். அப்படியென்றால் ஆண்டுக்கு 43 நாள் சம்பளம் சேர்க்க வேண்டும். நடிப்பு சொல்லிக்கொடுத்த நேரத்தையும் ஒரு வரம்பு வரை சேர்த்துக்கொள்ளலாம்.

நாயகனுக்கு இந்தக் கணக்கு பெரிதாக உறைக்காது. படத்துக்கு நான்கு நாள், தொடருக்கு ஆறு நாள் என்று வேலை பார்க்கும் துணை வேடக்காரருக்குத்தான் ஒவ்வொரு நாளும் முக்கியம். டப்பிங், வானொலி நாடகம், மேடை, தொலைக்காட்சி என்று கலந்து செய்வதற்கு இது ஒரு காரணம். 2003இல் இந்த ஏற்பாட்டைக் குறுக்கியபோது கலைஞர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அவினியோன் நாடக விழாவே அந்த ஆண்டு நடக்கவில்லை. பன்னிரண்டு மாதக் கணக்கு நடிகர்களுக்குத் திரும்பக் கிடைத்தது 2016இல்தான்.

இந்த ஏற்பாட்டைச் சலுகை என்று குறைசொல்பவர்கள் அங்கேயும் உண்டு. நான் அவர்கள் பக்கம் இல்லை. நாற்பது ஆண்டு ஒரே தொழிலில் நிலைக்கும் குணச்சித்திர முகங்கள் பிரெஞ்சுப் படங்களில் இத்தனை இருப்பதற்கு இந்த ஏற்பாடும் ஒரு காரணம் என்று உறுதியாக நினைக்கிறேன். திறமை மட்டும் இருந்து அடுத்த மாத வாடகைக்கு வழியில்லாவிட்டால் முப்பத்தைந்து வயதிலேயே பலர் வேறு வேலைக்குப் போயிருப்பார்கள்.

நாடக மேடையில் அவர் எப்படி?

சினிமாவில் பார்த்தவர்கள் நம்ப மாட்டார்கள். மேடையில் அவர் பெரிய நடிகர்.

ரோலாந் தோப்போர் எழுதிய 'மேசைக்கடியில் குளிர்காலம்' நாடகத்தை 2004இல் மோன்மார்த்ரின் அத்தேலியே அரங்கில் ஸபு பிரைத்மான் இயக்கினார். பணத்தட்டுப்பாட்டில் இருக்கும் ஒரு மொழிபெயர்ப்பாளப் பெண், தன் எழுதும் மேசைக்கு அடியில் இருக்கும் இடத்தை வாடகைக்கு விடுகிறாள். குடிவருபவர் வெளிநாட்டிலிருந்து வந்த செருப்புத் தைக்கும் தொழிலாளி. அவள் மேலே எழுதுகிறாள், அவர் கீழே ஆணி அடிக்கிறார். இப்படியே காதல் வளர்கிறது. பினோனுக்கு அந்தச் செருப்புத் தொழிலாளி வேடம், இசபெல் கார்ரேவுக்கு அந்தப் பெண் வேடம். இரண்டு பேருக்கும் அந்த ஆண்டின் மொலியேர் விருது கிடைத்தது. பிரெஞ்சு நாடக உலகின் உயர்ந்த விருது அது. பினோன் வாங்கியது துணை நடிகர் பிரிவில் அல்ல, சிறந்த நடிகர் பிரிவில்.

வலேர் நோவரினாவின் நாடகங்களிலும் தொடர்ந்து நடித்திருக்கிறார். நோவரினாவின் மொழியில் கதையைவிடச் சொற்கள்தான் பாத்திரங்கள். நூற்றுக்கணக்கான பெயர்களை அடுக்கிக்கொண்டே போகும் நீண்ட பட்டியல்கள், புதிதாகக் கட்டிய சொற்கள். மூச்சுக் கட்டுப்பாடு இல்லாதவர் தொடவே முடியாது. 2007இல் அவினியோனில் போப்பாண்டவர் அரண்மனையின் திறந்த முற்றத்தில் நடந்த 'லாக்த் ஏங்கோன்யூ' நாடகத்தில் பினோனும் இருந்தார். பிரான்ஸில் ஒரு நாடக நடிகர் கனவு காணக்கூடிய மேடைகளில் முதலிடம் அந்த முற்றத்துக்குத்தான்.

சீசர் விருது வாங்கியிருக்கிறாரா?

இல்லை. துணை நடிகருக்கான சீசர் விருது 1976இல் நடந்த முதல் விழாவிலிருந்தே இருக்கிறது. முதலில் வாங்கியவர் ழான் ரோஷ்ஃபோர். நீல்ஸ் அரெஸ்த்ரூப் அதை மூன்று தடவை பெற்றார். அந்த வரிசையில் பினோனுக்கும் ஓர் இடம் கொடுத்திருக்க வேண்டும் என்பது என் ஆதங்கம். ஆனால் துணை வேடத்துக்கு விருது கொடுக்கும்போதும் பெரும்பாலும் கனமான, கண்ணீரும் கோபமும் நிறைந்த வேடங்களையே தேர்ந்தெடுக்கிறார்கள். கோமாளித்தனமும் விசித்திரமும் கலந்த வேடங்கள் எண்ணிக்கையில் வருவதில்லை.

முழுக்க முழுக்கக் கதாநாயகனாக வேறு படம் உண்டா?

உண்டு. 2007இல் கிளோத் லெலூஷ் இயக்கிய 'ரோமான் தெ கார்'. லெலூஷ் இதைத் தன் பெயரைச் சொல்லாமல், எர்வே பிக்கார் என்ற புனைபெயரில் தயாரித்தார், கான் விழாவுக்கு வரும்போதுதான் உண்மை வெளிவந்தது. பினோன் இதில் நெடுஞ்சாலைப் பெட்ரோல் பங்கில் ஒரு பெண்ணைச் சந்திக்கும் மனிதர். புகழ்பெற்ற நாவலாசிரியைக்கு மறைந்திருந்து எழுதிக்கொடுப்பவரா, பள்ளி ஆசிரியரா, சிறையிலிருந்து தப்பிய தொடர் கொலைகாரனா என்று நெடுநேரம் தெரியாது. கையில் சின்ன மேஜிக் வித்தை செய்து காட்டிக்கொண்டே இருப்பார். இந்த மூன்றில் எதுவாகவும் இருக்கக்கூடிய முகம் வேண்டும் என்றால் பினோனை விட்டால் ஆள் ஏது? கூட நடித்தவர்கள் ஃபானி ஆர்தான், ஓத்ரே தானா.

தொலைக்காட்சியில் என்ன செய்திருக்கிறார்?

பிரான்ஸில் இன்று அவரைச் சாதாரணக் குடும்பங்கள் அடையாளம் காண்பது 'கசாந்த்ர்' மூலமாகத்தான். பிரான்ஸ் 3 சேனலில் 2015இல் தொடங்கிய துப்பறியும் வரிசை. ஒவ்வொரு அத்தியாயமும் சுமார் ஒன்றரை மணி நேரம், தனிக்கதை. பாரிஸிலிருந்து ஆல்ப்ஸ் மலையடிவாரத்தில் இருக்கும் அன்சி நகரத்துக்கு மாற்றலாகி வரும் பெண் அதிகாரி ஃப்ளோரன்ஸ் கசாந்த்ராக நடிப்பவர் குவெந்தோலின் அமோன். அவருக்குக் கீழே வேலை பார்க்கும் பாஸ்கல் ரோஷ் என்ற போலீஸ் அதிகாரி வேடம் பினோனுக்கு. தொடக்கத்தில் இந்த வெளியூர் மேலதிகாரியை ரோஷுக்குப் பிடிக்காது. மெல்ல மெல்ல அது மரியாதையாகவும் நட்பாகவும் மாறுகிறது.

இந்த வகைத் தொடர் அங்கே ஏன் இவ்வளவு செழித்தது என்பதற்கு ஒரு சுவாரசியமான பின்னணி உண்டு. திரையரங்குகளைக் காப்பாற்றுவதற்காக, சனிக்கிழமைகளில் பொதுச் சேனல்கள் சினிமாப் படம் ஒளிபரப்பக் கூடாது என்று பிரான்ஸில் நெடுங்காலம் விதி இருந்தது. 2020இல்தான் தளர்த்தினார்கள். சனி இரவில் மக்கள் வீட்டில் இருப்பார்கள், சினிமா போட முடியாது. அந்த இடத்தைப் பிடித்தது தொலைக்காட்சிக்கென்றே எடுத்த துப்பறியும் படங்கள். பிரான்ஸ் 3 மாகாணங்களுக்கான சேனல் என்பதால் ஒவ்வொரு கதையையும் ஏதோ ஒரு ஊரின் ஏரி, மலை, துறைமுகத்தோடு சேர்த்து எடுத்தார்கள். அன்சி ஏரியைப் பார்ப்பதற்காகவே 'கசாந்த்ர்' பார்ப்பவர்கள் இருக்கிறார்கள்.

நாடகம், சினிமா இரண்டிலும் விசித்திரமான மனிதர்களாகவே வந்தவர், இங்கே நேர்மையான, களைத்துப்போன, நடுவயது தாண்டிய ஒரு போலீஸ்காரர். ரப்பர் முகத்தை அப்படியே உள்ளே வைத்துப் பூட்டிவிட்டார். புருவத்தைக்கூடக் கணக்குப் பார்த்துத்தான் தூக்குகிறார். இது தரம் குறைந்த வேலை என்று சினிமா ரசிகர்கள் ஒதுக்குவதை நான் ஏற்க மாட்டேன். பல ஆண்டுகள் ஒரே மனிதனாக நம்ப வைப்பது வேறு வகைக் கஷ்டம்.

'அவுட்லாண்டர்' தொடரில் வருபவரும் இவரேதானா?

அவரேதான். 2016இல் வந்த இரண்டாம் பருவத்தில், பதினெட்டாம் நூற்றாண்டுப் பாரிஸில் மூலிகை மருந்துக் கடை வைத்திருக்கும் மாஸ்டர் ரேமோன். நாயகி கிளேரை 'மடோனா' என்று அழைப்பார். பிரசவத்தில் குழந்தையை இழந்து, காய்ச்சலில் சாகக் கிடக்கும் கிளேரின் உடம்பில் கை வைத்து அவர் குணப்படுத்தும் காட்சியில் மந்திரவாதியா, மருத்துவரா என்று சொல்ல முடியாத ஓர் அமைதி இருக்கும். அந்தத் தொடரின் ரசிகர்கள் அவரைப் பல பருவங்களுக்கு மறக்கவே இல்லை.

முதல் தடவை பார்ப்பவர் எதிலிருந்து தொடங்கலாம்?

'டெலிகடெஸன்'. சந்தேகமே வேண்டாம். குறும்படம் பார்க்கப் பொறுமை உள்ளவர்கள் அதற்கு முன்னாலேயே 'ஃபுத்தேஸ்' பார்த்துவிடலாம், எட்டு நிமிடம்தானே. அடுத்து 'டீவா'. அதன்பிறகு 'அமேலி'யை மறுபடி எடுத்து, இந்தத் தடவை நாயகியை விட்டுவிட்டு ஜோசப் உட்காரும் மேசையை மட்டும் கவனியுங்கள். 'ரோமான் தெ கார்' கதை முன்பே தெரியாமல் பார்க்க வேண்டிய படம், அதனால் அதைப் பற்றி வேறெங்கும் படிக்க வேண்டாம். 'சிட்டி ஆஃப் லாஸ்ட் சில்ட்ரன்' சின்னக் குழந்தைகளோடு பார்க்க ஏற்றதல்ல, பயந்துவிடுவார்கள். 'ஏலியன்' வரிசையில் முந்தைய மூன்றைப் பார்க்காதவர்களும் நான்காவதைப் பார்க்கலாம், வ்ரீஸைப் புரிந்துகொள்ள முன்கதை எதுவும் வேண்டியதில்லை.